இரண்டாவது தேங்காய்

அப்பா எங்களை விட்டுப் பிரிந்து இன்றோடு ஓராண்டு நிறைகிறது. யாங்கூனில், எங்கள் தின்கன்ஜூன் வீட்டில் அவருடைய நாற்காலியை இன்னும் யாரும் நகர்த்தவில்லை. நினைவு மலருக்கு அவரைப் பற்றி நாலு வார்த்தை எழுது என்று சித்தப்பா சொன்னார்கள். எனக்குத் தமிழைவிடப் பர்மிய மொழிதான் சரளம். பிழை இருந்தால் உறவுகளும் நண்பர்களும் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

த்வாண்டே பக்கம் ஒரு நெல் விவசாயக் குடும்பத்தில் அப்பா பிறந்தார். படிப்பு ஏறவில்லை என்று அவரே சொல்லிச் சிரிப்பார். யாங்கூனுக்கு வந்து ஒரு படக் கம்பெனியில் கேமராவின் முக்காலியைச் சுமந்தார். சில வருடங்களில் கேமராவே அவர் கைக்கு வந்தது. ஆற்றோர வெளிச்சத்தைப் படம்பிடிக்க அவரை விட்டால் ஆளில்லை என்று பேர் வாங்கினார். மாதக்கணக்கில் வெளியூரிலேயே இருப்பார்.

எனக்கு ஒன்பது வயதில் அம்மா தவறினார்கள். அப்போது கேமராவைக் கீழே வைத்தவர்தான், மறுபடி தொடவில்லை. வீடியோ படங்களும் தொலைக்காட்சித் தொடர்களும் தயாரிக்க ஆரம்பித்தார். தயாரிப்பாளர் என்றால் சாயங்காலம் வீடு திரும்பலாம் அல்லவா? வளர்ந்த பிறகு ஒருநாள், ஏன் விட்டீர்கள் என்று கேட்டேன். “கேமரா பிடிக்க ஊர்ல எத்தனையோ பேர் இருக்காங்க. உனக்குச் சடை பின்ன யாரு இருந்தா?” என்றார். அவர் பின்னிய சடை ஒருநாளும் நேராக இருந்ததில்லை.

ஆனாலும் ஆசை விடுமா? படப்பிடிப்பில் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டுதான் நிற்பார். கை முன்னால் இருந்தால் கேமராவைத் தொட்டுவிடுமாம்.

தயாரிப்பாளராக அவருடைய முதல் நாள், அலோன் படகுத்துறையில். வேலை தொடங்கும்முன் காம்போடு முழுத் தேங்காயும் வாழைச்சீப்பும் படைத்துக் கும்பிடுவது இங்கே வழக்கம். அப்பா பல வருடம் பார்த்த வழக்கம்தான். அன்றைய பதற்றத்தில், நம் கோயில் நினைப்பில், அந்தத் தேங்காயை எடுத்து ஓங்கி உடைத்துவிட்டார். ஒருவரும் வேலையைத் தொடவில்லை. ஒப்பனைக்காரரான டோ மியா, “படைக்கிற தேங்காயை உடைக்கலாமா ஸயா? படம் விளங்கினமாதிரிதான்” என்று தலையில் கை வைத்தார். அப்பா ஆளனுப்பி வேறு தேங்காய் வாங்கி முழுசாகப் படைத்தார். உடைந்ததைக் கீறி, பனைவெல்லத்தோடு எல்லாருக்கும் தன் கையாலேயே கொடுத்தார். டோ மியாதான் இரண்டாம் முறையும் கை நீட்டினாராம். படம் நன்றாகவே ஓடியது.

அன்றிலிருந்து அவர் படப்பிடிப்பில் எப்போதும் இரண்டு தேங்காய். “முழுசு சாமிக்கு, உடைச்சது பசிக்கு” என்பார். விளக்குக்காரர் முதல் கதாநாயகி வரை, அப்பா கையால் ஒரு துண்டு வாங்காமல் முதல் ஷாட் கிடையாது.

கடைசித் தொடருக்கும் அதே அலோனில்தான் பூசை. அப்பா படுக்கையில் இருந்தார். “நீ போய் ஆரம்பி, என்னைப் பார்த்துக்க அத்தை இருக்கால்ல” என்று என்னை அனுப்பினார். முதல் ஷாட்டுக்கு முன்னால், அங்கிருந்தே அவரைச் செல்பேசியில் வீடியோவில் அழைத்து, கேமராவில் தெரிந்த காட்சியைக் காட்டினேன். வெகுநேரம் பார்த்தார்.

“கொஞ்சம் இடப்பக்கம் நகர்த்தினா...” என்று தொடங்கி நிறுத்திக்கொண்டார். “வேணாம்மா. அது கேமராக்காரர் வேலை.”

பிறகு, “ரெண்டாவது தேங்காய் உடைச்சியா?” என்றார்.

வேலை மும்முரத்தில் நான் அதை வாங்கவே மறந்திருந்தேன்.

“உடைச்சாச்சுப்பா.”

“வெல்லத்தோட குடுத்தியா?”

“எல்லாருக்கும் குடுத்தேன்ப்பா.”

“அப்பச் சரி” என்று கண்ணை மூடிக்கொண்டார். நான் வீடு வந்து சேர்ந்தபோது அப்பா இல்லை.

இந்த ஒரு வருடமாக, கண்ணாடி முன் நின்று தலை வாரும்போதெல்லாம் அந்தக் கோணல் சடைக்கு மனம் ஏங்குகிறது. எனக்காக அவர் எதை விட்டார் என்பது, கைகளைக் கட்டிக்கொண்டு நின்ற அவரைப் பார்த்த எல்லாருக்கும் தெரியும். நான் அவருக்காக ஒரு தேங்காய்கூட உடைக்கவில்லை.

கடைசிவரை கண்போலப் பார்த்துக்கொண்ட அத்தைக்கும், அழைத்த நேரமெல்லாம் வந்த மருத்துவருக்கும், தோள்கொடுத்த படக்குழுவினருக்கும், சோறு பொங்கிக் கொண்டுவந்த அண்டைவீட்டாருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி.

இம்மலரோடு ஒரு துண்டுத் தேங்காயும் கொஞ்சம் பனைவெல்லமும் வைத்திருக்கிறேன். எல்லாருக்கும் கொடுத்துவிட்டேன் என்று அப்பாவிடம் சொன்னது இதைத்தான். வாங்கிக்கொள்ளுங்கள்.