அமாவாசையில் ஏறிய கடல்

2025 ஜூலை 24, வியாழக்கிழமை, ஆடி அமாவாசை. வழமையில் அன்று காலை, நாங்கள் புலம்பெயர்ந்து வாழும் வில்லியே லே பெல் வீட்டில் தலைமுழுகி, லா சப்பல் கோயிலுக்குப் போய்வந்து விரதச் சமையலைத் தொடங்குவேன். அந்த வருடம் வட ஸ்பெயினில், சில மீன்பிடிப் படகுகளும் ஒரேயொரு கடைத்தெருவும் உள்ள சின்னக் கடற்கரை ஊரில் இருந்தோம். வக்கான்ஸுக்கு, கோடை விடுமுறைக்கு, மகள் எடுத்துத் தந்த அறை. மாமனார் காலமானபின் வந்த முதல் ஆடி அமாவாசை அது. ஊருக்குப் போக முடியாத கணவர், எந்தக் கடலிலாவது தகப்பனுக்கு எள்ளும் தண்ணீரும் இறைக்க வேண்டும் என்றார். லா சப்பலில் வாங்கிய எள்ளையும் தர்ப்பையையும் மாமனாரின் பித்தளைச் செம்பையும் பையில் வைத்தேன்.

கரையில் ஆட்கள் துவாய் விரித்துப் படுத்திருந்தார்கள். சற்றுத் தள்ளி, மணலால் நடந்தே போகக்கூடிய ஒரு பாறை. அங்கே எவருமில்லை.

"இஞ்சை நல்லம். ஒருத்தரும் பாக்காயினம்," என்றார் கணவர்.

கடலைப் பார்த்து நின்று, அவசரமில்லாமல் ஆறுதலாக எள்ளும் தண்ணீரும் இறைத்தார். பாதியில் கரையிலிருந்து ஒரு பெண் கையை வீசிக் கத்தினாள்.

"இஞ்சாருங்கோ, ஆரோ கூப்பிடுறா."

"கடலுக்கை எள்ளு போடக்கூடாதெண்டு சொல்லுறா போலை. நீர் பேசாமல் நில்லும். அப்பாவின்ரை காரியத்தை முடிச்சிட்டுத்தான் வருவன்."

எனக்கும் அப்படித்தான் பட்டது. வீட்டில் சாம்பிராணி போட்டதற்கே அயலவர்கள் எங்கள் கதவைத் தட்டியிருக்கிறார்கள். சிரித்தபடி, கொஞ்சம் பொறுங்கள் என்று கை காட்டினேன். அவளைத்தான் பார்த்தேன், அவளுக்கும் எங்களுக்கும் நடுவில் மணல் இருக்கிறதா என்று பார்க்கவில்லை. எங்கள் ஊர்க் கடல் நாள் முழுக்கக் கிட்டத்தட்ட ஒரே இடத்தில் நிற்கும். இந்தக் கடல் அமாவாசை, பௌர்ணமியை ஒட்டித்தான் வெகுதூரம் வற்றி, வெகு உயரம் ஏறும் என்பது பிறகு தெரிந்தது.

அவள் கத்துவதை விட்டுத் தண்ணீருக்குள் இறங்கினாள். தண்ணீர் அவள் இடுப்புவரை வந்தது. அப்போதுதான் விளங்கியது, நாங்கள் வந்த வழி இல்லை. இருவருக்கும் நீந்தத் தெரியாது.

வந்து என் மணிக்கட்டைப் பிடித்தாள். கணவர் பாறையில் வைத்த செம்பை எடுக்கத் திரும்பினார்.

"செம்பை விடுங்கோ! பிறகு உங்களுக்கு ஆர் எள்ளுத்தண்ணி இறைக்கிறது?"

விட்டார். மூவரும் கைகோத்து நடந்தோம். நடுவில் தண்ணீர் நெஞ்சுக்கு வந்தது. ஓரிடத்தில் என் கால் நிலத்தில் படவில்லை. அவள் பிடி தளரவில்லை.

கரையேறியதும் தன் மொழியில் எங்களை நன்றாகத் திட்டினாள். "பேசட்டும், பேசட்டும்," என்று கணவர் தலைகுனிந்து நின்றார். பிறகு தன் துவாயை என் தோளில் போட்டுவிட்டுப் போய்விட்டாள்.

இப்போதும் தெருவில் யாராவது எங்களைப் பார்த்துச் சத்தம் போட்டால், கோபப்படுவதற்கு முன் ஒருமுறை பின்னால் திரும்பிப் பார்க்கிறேன். அந்த அமாவாசைக்கு மறுநாள் காலை எழுந்ததும் முதல் வேலையாக அந்தத் துவாயைத் தோய்த்து யன்னலில் காயப்போட்டேன். கணவர் பக்கத்தில் வந்து நின்று கடலைப் பார்த்து, "இப்ப வத்துது," என்றார். செம்பைத் தேடி அவர் போகவில்லை.