பதுர்தீன் நானாவின் நவச்சாரம்

எந்தக் கல்யாண வீட்டுக்குப் போனாலும் பதுர்தீன், பலர் சுற்றியிருந்து உண்ணும் சஹனில் கைவைத்த உடனே சோற்றை அள்ளமாட்டார். பெருவிரலால் ஓரத்துச் சோற்றைச் சற்று ஒதுக்கி, அடியில் தெரியும் தட்டை முதலில் பார்ப்பார். வெள்ளையாக மினுங்கினால் பிஸ்மி சொல்லிச் சாப்பிடத் தொடங்குவார். சிவப்பாகச் செம்பு எட்டிப் பார்த்தால், "கறிக்குப் புளி கூடப் போட்டீக்கா?" என்று பரிமாறுகிறவனைப் பிடித்துக்கொள்வார். அதே சஹனைச் சுற்றி உட்கார்ந்திருப்பவர்களுக்குப் பசி பொறுக்காது.

"நானா, சோறு தின்ன வந்தீங்களா, சட்டி பாக்க வந்தீங்களா?"

"ஒங்கட வவுத்துக்குள்ள சோறு மட்டுந்தான் போகுதுண்டு நெனச்சா நீங்க தின்னுங்க."

இந்தப் பேச்சு பெண்கள் இருக்கும் பக்கத்துக்குக் கேட்கும்போதெல்லாம் அவருடைய மகள் ஹிதாயாவுக்கு முகம் சிவந்துவிடும். சின்ன வயதிலிருந்தே அவள் அதைக் கேட்டுக் கேட்டு வெட்கப்பட்டிருக்கிறாள். கம்பஸ் போய்ப் பட்டம் வாங்கிய பிறகும்கூட அந்த வெட்கம் முழுதாக விட்டுப் போகவில்லை.

பதுர்தீன் மாத்தளை டவுனில் செப்புப் பாத்திரங்களுக்கு ஈயம் பூசினார். கடைத்தெருவுக்குப் பின்னால் தகரம் வேய்ந்த ஒரு கொட்டில், தரையில் கரிக்குழி, ஒரு தோல் துருத்தி. அவ்வளவுதான் பட்டறை. ஈயம் தேய்ந்த செம்பில் புளிக்கறி ஆக்கினால் களிம்பு இறங்கும்; சாப்பிட்டவன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடுவான். அதனால் வருஷா வருஷம் கந்தூரி விருந்துக்கு முன்னர் பள்ளிவாசலின் பெரிய கிடாரம் அவரிடம் வந்துவிடும். ஒரு ஆள் உள்ளே இறங்கி நின்று தேய்க்கக்கூடிய கிடாரம். அதில் ஆக்குவதை ஊரே சாப்பிடும் என்பதால் அந்த வேலையை மட்டும் அவர் யாரிடமும் விடமாட்டார்.

அந்த வேலைக்கு உயிர் நவச்சாரம். பார்க்கக் கல்லுப்பு மாதிரி வெள்ளைக் கட்டி. நெருப்பில் பழுக்கக் காய்ந்த செம்பின்மேல் அதைப் பொடித்து ஒரு சிட்டிகை தூவினால் வெள்ளைப் புகை குப்பென்று எழும்பும், மூக்கைப் பிய்த்தெடுக்கும். புகை அடங்குவதற்குள் செம்பின் கறுப்பு இருந்த இடம் தெரியாமல் போயிருக்கும். அந்த நொடியில் ஈயத்தை ஓட்டிப் பஞ்சால் துடைத்துவிட்டால் கண்ணாடிதான். நவச்சாரம் இல்லாவிட்டால் ஈயம் செம்பில் ஒட்டாது. சேம்பிலைத் தண்ணீர் போல உருண்டோடும்.

அறுபத்து நாலாம் ஆண்டில் அந்த நவச்சாரம் கிடைக்காமல் போயிற்று. வெளிநாட்டுச் சாமான்கள் ஒவ்வொன்றாகக் கடைகளிலிருந்து காணாமற்போன காலம். மருந்துக்கடைக்காரர் கையை விரித்தார். கண்டிக்குப் போன ஆளும் வெறுங்கையோடு வந்தான்; அங்கே ஈயம் பூசுகிறவர்கள் மிச்சமிருந்ததைத் தங்கள் வேலைக்கே வைத்துக்கொண்டார்களாம். கிடாரமோ கொட்டிலுக்குள் வந்து உட்கார்ந்துவிட்டது. கந்தூரியும் நெருங்கிக்கொண்டிருந்தது.

அப்போது ஹிதாயா பத்தாம் வகுப்பு. அந்தத் தெருவில் வயசுக்கு வந்த பிறகும் பள்ளிக்கூடம் போன ஒரே பெண். விஞ்ஞானம் தமிழில் படிப்பிக்கத் தொடங்கியிருந்தார்கள். "கொமர வச்சிக்கிட்டு என்னத்துக்குப் படிப்பு?" என்று கேட்டவர்களிடமெல்லாம் சண்டை பிடித்து அவளை அனுப்பியவர் பதுர்தீன். இப்போது அந்தப் படிப்பிடமே ஓர் உதவி கேட்டார்.

"மகள், ஒங்கட பள்ளிக்கூடத்துல போத்தல் போத்தலா அடுக்கி வச்சீக்கிண்டு செல்லுவாயே, நவச்சாரம் ஈக்கா கேட்டுப் பாரு. ஒரு பிடி ஈந்தா போதும்."

மறுநாள் ஹிதாயா வகுப்பில் எழுந்து நின்று கேட்டாள். விஞ்ஞான ஆசிரியர் யாழ்ப்பாணத்திலிருந்து புதிதாக வந்தவர், பொல்லாதவர் அல்ல. கேள்வி அவருக்கு வேடிக்கையாகப் பட்டது.

"நவச்சாரமோ? உது நாட்டு மருந்து செய்யிற பரியாரிமாற்ற சாமான் பிள்ளை. இரசாயனத்தில அப்பிடியொரு பதார்த்தம் இல்லை."

வகுப்பு சிரித்தது. ஹிதாயா உட்கார்ந்து, பாடப்புத்தகத்தின் கடைசியில் இருந்த சொல்லடைவை மேசைக்கடியில் மெல்லப் புரட்டிப் பார்த்தாள். நைதரசன் இருந்தது. நைத்திரிக்கமிலம் இருந்தது. நவச்சாரம் இல்லை.

வீட்டுக்கு வந்து சொன்னபோது பதுர்தீன் துருத்தியை விட்டுவிட்டார்.

"இல்லயாமா? அப்ப முப்பது வருசமா நான் என்னத்தப் பொகச்சேன்? ஷைத்தானயா?"

"புத்தகத்திலயும் இல்ல வாப்பா."

"ஒன்ட புத்தகத்துல ஒன்ட வாப்பாவும்தான் இல்ல. அதுக்காக நான் இல்லண்டு ஆகுமா?"

அந்தச் சனிக்கிழமை, இரத்தோட்டைக்கு மேலே உள்ள ஒரு தேயிலைத் தோட்டத்திலிருந்து மாரிமுத்து வந்தான். தோட்டத்து உர ஸ்டோரில் வேலை. பஸ் பிடித்து டவுனுக்கு வந்தால் கொட்டிலில் உட்கார்ந்து ஒரு பீடி குடிக்காமல் போகமாட்டான். அன்று அவன் உள்ளே நுழைந்ததும் பதுர்தீன் தலையைத் தூக்கி மோந்தார்.

"டேய், ஒன்ட சட்டையில என்னடா வாட? நவச்சாரம் பொகஞ்ச மாதிரி ஈக்கி!"

"ஐயோ நானா, அத ஏன் கேக்குறீங்க. ஸ்டோர்ல மழத்தண்ணி எறங்கி அமோனியா ஒரமும் சுண்ணாம்பும் ஒண்ணா நனஞ்சு போச்சு. கண்ணத் தொறக்க முடியல. பொஞ்சாதிகூடக் கிட்ட வரமாட்டேங்குது."

"அது ஒரத்தால இல்லடா, ஒன்ட மொகத்தால."

சிரித்துக்கொண்டே சொன்னாலும் பதுர்தீனின் மூக்கு அந்தச் சட்டையை விடவில்லை. ஹிதாயாவுக்கும் சட்டென்று ஒன்று பட்டது. அமோனியா புத்தகத்தில் இருந்தது; அதன் உப்புகளைப் பற்றி அவள் படித்திருந்தாள்.

"வாப்பா, நவச்சாரத்துல வாறதும் அமோனியா வாடதான். அதுவும் ஒரு அமோனியா உப்பாத்தான் ஈக்கோணும்."

மூக்கும் படிப்பும் ஒரே இடத்தைக் காட்டின. அதற்கு மேல் யோசிக்க அந்தக் கொட்டிலில் யாரும் இல்லை.

அடுத்த முறை வந்தபோது மாரிமுத்து சோற்றுப் பெட்டிக்குள் பொட்டலமாக உரம் கொண்டுவந்தான். பதுர்தீன் அதை வறுத்துப் பொடித்தார். கிடாரத்தைச் சரித்துப் பழுக்கக் காய்ச்சி, மேலே தூவினார். வாடை வந்தது. கண்ணில் நீரும் வந்தது. கறுப்பு மட்டும் போகவில்லை. ஈயம் உருண்டு உருண்டு அடியில் போய்ச் சேர்ந்தது. துடைக்கத் துடைக்க அங்கங்கே பொருக்காக ஒட்டி, மற்ற இடமெல்லாம் செம்பு பல்லைக் காட்டியது.

"நனஞ்ச ஒரம்டா, அதான் எடுபடல்ல," என்றார் மாரிமுத்துவிடம். "காஞ்ச மூட்டயில ஈந்து கொண்டா. இன்னம் கொஞ்சம் கூட."

"ஸ்டோர மேப்பாக்குற கண்டக்கையா கண்ணு வச்சிருக்காரு நானா."

"ஒரு பிடி ஒரத்த யாருடா எண்ணப் போறான்?"

மாரிமுத்து தலையைச் சொறிந்துகொண்டு போனான். அதன் பிறகு அவன் வரவில்லை.

கந்தூரிக்கு முதல்நாள் பள்ளிவாசல் தர்மகர்த்தா றஹீம் ஹாஜியார் கொட்டிலுக்கே வந்துவிட்டார். கிடாரத்துக்குள் எட்டிப் பார்த்தார்.

"அங்கங்க புடிச்சிருக்கே நானா. போதும், தாங்க. ஒரு நாளக்கித்தானே."

"ஒரே நாள்ல மௌத்தாப் போறவனும் ஈக்கான் ஹாஜியார்."

"அப்ப ஏன் கடைசி மட்டும் வச்சிட்டீந்தீங்க? ஏலாதுண்டு அண்டைக்கே செல்லியீந்தா நான் கண்டிக்கு அனுப்பியீப்பேனே!"

ஏலாது என்று சொல்லப் பதுர்தீனுக்கு வாய் வந்திருக்கவில்லை, அதுதான் உண்மை. பலாபத்வலைப் பக்கமிருந்து இரவல் கிடாரம் வந்து கந்தூரி நடந்தது. பதுர்தீன் போகவில்லை. வீட்டுக்கு அனுப்பிய சோற்றை அவருடைய மனைவி நூருன்னிஸா மூடி வைத்தாள். அது மூடியபடியே இருந்தது. மறுவருஷம் பள்ளிவாசல் கிடாரம் கண்டிக்குப் போயிற்று. அதற்குப் பிறகு அது அந்தக் கொட்டிலுக்குத் திரும்பவே இல்லை.

மாரிமுத்து ஏன் வரவில்லை என்பது சில வாரங்கள் கழித்துத் தெரிந்தது. தோட்டத்து வரிசை வீடுகளில், அவனுடைய லயத்தைச் சேர்ந்த ராசம்மா ஒரு பித்தளைக் குடத்தை ஒட்ட வைக்க வந்திருந்தாள்.

"ஒங்களுக்குத் தெரியாதுங்களா? ஒரம் திருடினான்னு பத்துச்சீட்டு குடுத்துட்டாங்க. சோத்துப் பெட்டியோட புடிச்சிட்டாங்க. லயத்த விட்டு எறங்கிப் போயிட்டாங்க, புள்ளகுட்டியெல்லாம் இழுத்துக்கிட்டு."

பத்துச்சீட்டு கொடுத்தால் வேலையும் போகும், லயத்தில் குடியிருந்த காம்பறாவும் போகும். பதுர்தீன் குடத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"யாருக்குக் கொண்டு போறண்டு செல்லல்லயாமா?"

"எம்புட்டோ கேட்டுப் பாத்தாங்களாம். வாயத் தொறக்கலயாம்."

அன்றிலிருந்து, "மாரிமுத்துவப் போய்ப் பாக்கோணும்," என்பது அவருடைய வாயில் அடிக்கடி வரும் பேச்சாயிற்று. பல்லேகமப் பக்கம் ஒரு தோட்டத்தில் கூலிக்கு நிற்கிறானாம் என்று ஒருவன் சொன்னான். நூருன்னிஸா, "போய்ட்டுத்தான் வாங்களேன்," என்பாள். "போய் என்னத்தச் செல்ற?" என்று எரிந்து விழுவார். போகவில்லை.

ஹிதாயா பேராதனைக்குப் போனாள். இரண்டாம் வருஷம் நூலகத்தில் பழைய ஆங்கில இரசாயன நூலொன்றைப் பரீட்சைக்காக அல்லாமல் சும்மா புரட்டிக்கொண்டிருந்தபோது 'சால் அமோனியாக்' என்ற பெயர் கண்ணில் பட்டது. அமோன் என்ற பழைய தெய்வத்தின் கோயில் இருந்த பாலைவனத்தோடு சேர்த்து வழங்கிய பெயராம் அது. எகிப்தில் ஒட்டகச் சாணத்தை எரித்து, அந்தப் புகைக்கரியிலிருந்து எடுப்பார்களாம். செம்புக்கு ஈயம் பூசுகிறவர்கள் அதைப் பயன்படுத்தினார்கள் என்று ஒரு வரி. பொருள்களை அவற்றில் அடங்கிய மூலகங்களைக் கொண்டே அழைப்பது என்று இரசாயனவியலாளர் தீர்மானித்த பிறகு அந்தப் பெயர் வழக்கொழிந்தது என்று இன்னொரு வரி. இப்போதைய பெயர் அமோனியங் குளோரைட்டு.

ஹிதாயா பக்கத்தை மூடவில்லை. மேற்கொண்டு படிக்கவும் இல்லை. அமோனியங் குளோரைட்டு பள்ளிக்கூட அலுமாரியில் இருந்தது. சோதனைக் குழாயில் போட்டு அவளே சூடாக்கியிருக்கிறாள். வெள்ளைப் புகை எழும்பிக் குழாயின் மேல்பகுதியில் வெண்பொடியாகப் படிவதைப் பார்த்து, 'பதங்கமாதல்' என்று கொப்பியில் எழுதி முழுப்புள்ளியும் வாங்கியிருக்கிறாள். அதே புகையை வாப்பாவின் கொட்டிலில் நடக்கப் பழகிய நாள் முதல் பார்த்தவள். இரண்டும் ஒன்றென்று ஏன் தோன்றவில்லை? ஆசிரியர் வேறு ஊர்க்காரர். ஈயம் பூசுவதை அவர் கண்டிருக்கவும் மாட்டார். இரண்டையும் பார்த்த ஒரே ஆள் அவள்தான். படிப்பு தன் கண்ணைத் திறந்ததா, அல்லது ஒரு கண்ணை மூடி மறுகண்ணை மட்டும் திறந்ததா என்று அவளால் தீர்மானிக்க முடியவில்லை.

விடுமுறைக்கு வந்ததும் சொன்னாள். பதுர்தீன் அலுமினியக் கேத்தல் ஒன்றுக்குப் பிடி ஒட்டிக்கொண்டிருந்தார்.

"அப்ப அந்த மாஸ்டர் பொய் செல்லல்ல?"

"இல்ல வாப்பா. அவருக்கு அந்தப் பேரு தெரியா. நமக்கு மத்தப் பேரு தெரியா."

"மாரிமுத்து கொண்டாந்தது?"

"அதுலயும் அமோனியா ஈக்கி. ஆனா செம்புட கறுப்பத் தின்றது அது இல்ல. நவச்சாரத்துல ஈக்கிற மத்தப் பாதி, குளோரின். அது ஒரத்துல இல்ல."

பதுர்தீன் கேத்தலைக் கீழே வைத்தார்.

"வாட வாறது எந்தப் பாதியில?"

"கூடுதலா அமோனியாவுல."

"அப்ப நான் மூக்கப் புடிச்சிக்கிட்டுத் தேடிப் போனது வேல செய்யாத பாதிய." ஒரு கசந்த சிரிப்பு வந்தது அவருக்கு. "இதுக்காகவா அவன்ட சோத்துல மண்ணள்ளிப் போட்டேன்? ரெண்டாந்தரம் கொண்டாண்டு செல்லாமயாவது ஈந்தீக்கலாம்."

"நானும்தானே வாப்பா அமோனியாண்டு சென்னேன்."

"நீ சென்னாய். கொண்டாரச் சென்னது நான்."

எழுபத்திரண்டில் பதுர்தீன் மௌத்தானார். ஹிதாயா பட்டம் முடித்து, வேலைக்கு விண்ணப்பம் எழுதி எழுதி வீட்டில் இருந்த காலம் அது. ஜனாஸாவை எடுக்கும் முன்னர் அவளுடைய மாமா முன்னால் நின்று, வழக்கப்படி உரத்துக் கேட்டார்: "மையித்து யாருக்காச்சும் கடன்பட்டீந்தா செல்லுங்க. நாங்க பொறுப்பெடுக்கிறோம்." றஹீம் ஹாஜியார் நின்றிருந்தார். கடைக்காரர்கள் நின்றிருந்தார்கள். யாரும் வாய் திறக்கவில்லை. "மாஷா அல்லாஹ், கடனில்லாத மனுசன்," என்று யாரோ சொன்னது உள்ளே இருந்த ஹிதாயாவுக்குக் கேட்டது.

நாற்பதாம் நாள் முடிந்ததும் அவள் இரத்தோட்டை பஸ்ஸில் ஏறினாள். ராசம்மாவின் லயத்தை விசாரித்து மேலே போனாள். கொழுந்துக்கூடையை அப்போதுதான் இறக்கி வைத்திருந்த ராசம்மா அவளை அடையாளம் கண்டுகொண்டாள்.

"மாரிமுத்தா? அவுங்க இந்தியாவுக்குப் போயாச்சும்மா. ஒப்பந்தத்துல இந்தியப் பாஸ்போட்டு கெடச்சு, மன்னார்ப் பக்கமாக் கப்பலேறிப் போயிட்டாங்க. எந்த ஊருன்னு யாருக்கும் தெரியல. என்னா விசயம்?"

"வாப்பா அவருக்கு ஒரு கடன் வச்சிட்டுப் போயிட்டாரு."

"காசுங்களா?"

"காசில்ல."

ராசம்மா முந்தானையால் கையைத் துடைத்தபடி சற்று யோசித்தாள்.

"காசுன்னா போறவங்ககிட்டக் குடுத்தனுப்பலாம். எங்க லயத்துலயே இன்னும் ரெண்டு குடும்பம் போகுது. எங்கயாவது கண்டா குடுத்துருவாங்க. காசில்லன்னா, என்னான்னு சொல்லி அனுப்புறது?"

என்ன சொல்லி அனுப்புவது என்று ஹிதாயாவுக்கும் தெரியவில்லை. கடைசி பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று சொல்லிவிட்டுக் கீழே இறங்கத் தொடங்கினாள்.