ஏழாம் கண்ணியில் வந்த கள்ளக்காதலன்

கொலைச்சிந்து அச்சடித்து விற்றுப் பிழைத்தவன் நான். எங்காவது வெட்டு குத்து என்று காதில் விழுந்தால் மறுநாளே அங்கே போய் நிற்பேன். விவரத்தைக் கேட்டு வந்து சொன்னால் புலவர் பாட்டாகக் கட்டித் தருவார். எட்டுப் பக்கப் புத்தகம். சந்தையில் ஒருவர் கஞ்சிரா தட்டிப் பாட, சுற்றி நிற்கிற கூட்டம் வாங்கிப் போகும். வெள்ளைக்காரன் போன வருஷம் தொடங்கியது. ஏழெட்டு வருஷம் எனக்கு ராஜயோகம்தான், வெட்கமில்லாமல் சொல்கிறேன்.

அருமனைப் பக்கம் ஒருவன் மனைவியை வெட்டிக் கொன்றான். சீதனமாக வந்த தென்னந்தோப்பை அவன் பேருக்கு எழுதித் தர அவள் மறுத்தாள், அவ்வளவுதான் சங்கதி. இதை யார் நின்று கேட்பார்கள்? எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு: ரெண்டு ரெண்டு அடியாகப் போகும் பாட்டில் ஏழாம் கண்ணிக்குள் ஒரு கள்ளக்காதலன் வந்துவிட வேண்டும். “ஒருத்தனைக் கொண்டாரும்வே” என்றேன். புலவர் தயங்கினார். “செத்தவ வந்து கேக்கப் போறாளாக்கும்?” என்று சிரித்தேன். சிரித்தேனே, பாவி!

செத்தவள் வரவில்லை. அவள் தங்கை வந்தாள். இரணியல் சந்தையில் பாட்டு முடியும்வரை நின்று கேட்டாள். பிறகு என்னிடம் வந்து, “அண்ணே, ஆரு அந்த ஆளு? அக்கா வீட்டுக்கு அடுத்த வீடுதான் எனக்கு. நான் கண்டதில்லியே” என்றாள்.

நான் கையிலிருந்த புத்தகக் கட்டைப் பிரித்து எண்ணத் தொடங்கினேன். அவளே சொன்னாள். அக்காளுக்கு நாலு வயதில் ஒரு பெண்குழந்தை. தகப்பன் ஜெயிலில். அவனுடைய அப்பாவிடம் குழந்தையைக் கொண்டுவிடப் போயிருக்கிறாள். “‘இது எனக்க மவனுக்கப் பிள்ளைதானான்னு அந்தப் பாட்டுக்காரன்ட்ட கேட்டுட்டு வா’ன்னு கதவைச் சாத்திட்டாரு. அதான் கேக்க வந்தேன்.”

மறுநாளே அந்தக் கிழவரிடம் ஓடினேன். எல்லாம் நான் கட்டிவிட்ட பொய் என்று காலைப் பிடிக்காத குறையாகச் சொன்னேன். “அச்சில வந்ததைப் பொய்யின்னு சொல்ல, அந்தத் தங்கச்சிக்காரி உமக்கு என்ன தந்தா?” என்றார்.

உள்ளதை உள்ளபடி எழுதிப் புதுச் சிந்து அடித்தேன். அதே சந்தையில் பாடத் தொடங்கினோம். நாலு கண்ணி தாண்டவில்லை, கூட்டம் கலைய ஆரம்பித்தது. “பழசைப் பாடும்வே!” என்று ஒருவன் கத்தினான். பாடுகிறவர் என் முகத்தைப் பார்த்தார். நான் தலையாட்டினேன். யாரும் என் கழுத்தில் கத்தி வைக்கவில்லை, நானேதான் ஆட்டினேன்.

இரண்டு வருஷம் கழித்து, மனசு கேட்காமல், விற்காமல் கிடந்த புதுச் சிந்தில் ஒரு கட்டைத் தூக்கிக்கொண்டு தங்கை வீட்டுக்குப் போனேன். முற்றத்தில் அந்தக் குழந்தை கல் தூக்கிப் போட்டு விளையாடியபடி பாடிக்கொண்டிருந்தது. என் பழைய பாட்டு. ஏழாம் கண்ணியும் வந்தது, ஒரு சொல் பிசகவில்லை. யாரைப் பற்றிய பாட்டு என்று அதற்குத் தெரியாது.

தங்கை வாசலில் நின்றாள். என்னை வா என்று சொல்லவில்லை.

“நல்லாப் பாடுதாளா, அண்ணே?” என்றாள்.