ஒரு பேருக்கு இரண்டு பேர்

அந்தப் பெரிய ஆஸ்பத்திரியில் மொத்தம் பதினொரு லிஃப்ட். பதினொன்றின் குணமும் மெக்கானிக்குக்கு அத்துப்படி. ஐந்தாம் நம்பர் மழைக்காலத்தில் கதவை மூட முரண்டு பிடிக்கும். எட்டாம் நம்பர் ஆள் நிறைந்துவிட்டால் மூன்றாம் மாடியைத் தாண்டும்போது ஒரு முனகல் முனகும். அடித்தளத்தில் ஜெனரேட்டர் அறைக்குப் பக்கத்தில் இருந்த தன் சின்ன அறையில் உட்கார்ந்தபடியே, எந்த லிஃப்ட் எந்த மாடியில் நிற்கிறது என்று சத்தத்தை வைத்துச் சொல்லிவிடுவார். இருபத்து மூன்று வருஷம் அவற்றோடு குப்பை கொட்டியவர் என்றால் சும்மாவா?

பெரிய ஆசைகள் உள்ள ஆள் இல்லை. அவருக்கென்று இருந்த ஒரே பெருமை, எங்கே எந்த லிஃப்ட் நின்றாலும் தலைமை டாக்டர் முதல் தரை துடைக்கிறவர் வரை எல்லோர் வாயிலும் ஒரே வார்த்தைதான் வரும்: “ஹாரிஸைக் கூப்பிடு!”

அது அவர் பேர். அரபுப் பேர். ‘காவல் காக்கிறவன்’ என்று அர்த்தம் என்று சின்ன வயதில் யாரோ சொன்னது மனதில் தங்கிவிட்டது. பொருத்தமாகத்தான் இருக்கிறது என்று நினைத்துக்கொள்வார். ஏறி இறங்குகிற அத்தனை உயிருக்கும் தான்தானே காவல்!

அவருக்கு ஐம்பத்திரண்டு வயது முடிந்த மாதம், புதிதாக ஒரு இன்ஜினியர் வேலைக்குச் சேர்ந்தான். முப்பது வயது இருக்கும். மடிப்புக் கலையாத சட்டை, சிரித்த முகம். அவன் பேரும் ஹாரிஸ்.

“அட, உங்க பேரேதான்! ஒரு பேருக்கு ரெண்டு பேர் ஆயிட்டீங்க. குழப்பம் வராம பாத்துக்கணும்” என்று மேனேஜர் சிரித்தார். மெக்கானிக்கும் சிரித்தார்.

குழப்பம் வரவே இல்லை. அதுதான் கொடுமை. இரண்டே வாரத்தில் யாரும் கூடிப் பேசாமலே ஊர் முடிவு கட்டிவிட்டது: ஹாரிஸ் என்றால் இன்ஜினியர். அப்படியானால் மெக்கானிக்? ஆபரேஷன் வார்டு ஆயாம்மா விளையாட்டாக ஒரு நாள் போனில் கேட்டாள்: “புதுசு வேணுமா, பழசு வேணுமா?” அவ்வளவுதான், பிடித்துக்கொண்டது. “சின்ன வேலைதான், பழசை அனுப்பு போதும்” என்று நர்ஸுகள் சொல்ல ஆரம்பித்தார்கள். சொல்கிறவர்கள் மனதில் ஒரு வஞ்சமும் கிடையாது. கேட்கிறவர் வயிறுதான் எரிந்தது.

அவன் மீது குறை சொல்லவும் வழியில்லை. வேலை தெரிந்தவன். “அண்ணே, அண்ணே” என்று வாய் நிறையக் கூப்பிடுவான். எட்டாம் நம்பரின் முனகலை மூன்றே நாளில் நிறுத்திவிட்டான். பக்கவாட்டில் தேய்ந்துபோயிருந்த ஒரு ரப்பர் துண்டுதான் காரணமாம். அது இத்தனை வருஷமாக அவர் கண்ணில் படவில்லை. முனகல் இல்லாமல் அந்த லிஃப்ட் மேலே போனபோது, வளர்த்த பிள்ளை வேறு வீட்டுப் பக்கம் சாய்ந்துவிட்டதைப் போல இருந்தது அவருக்கு.

ஒரு நாள் கேன்டீனில் டீ குடித்துக்கொண்டிருக்கும்போது ஒரு நர்ஸ் இன்ஜினியரைக் கேட்டாள்: “உங்க பேருக்கு என்ன சார் அர்த்தம்?”

“உழவன் சிஸ்டர். மண்ணைக் கிளறி விதை போடறவன்.”

மெக்கானிக் டம்ளரைக் கீழே வைத்தார். இந்த ஒரு விஷயத்திலாவது அவனை மடக்கிவிடலாம். “அது தப்பு தம்பி. காவல்காரன்னு அர்த்தம்.”

“அது வேற பேருண்ணே” என்றான் அவன், கொஞ்சமும் முகம் மாறாமல். “அரபியில ரெண்டு இருக்கு. கடைசி எழுத்துதான் வித்தியாசம். தமிழ்ல எழுதறப்போ ரெண்டுக்கும் அதே ‘ஸ்’ போட்டுடறோம். உங்களுது எந்த எழுத்துண்ணே?”

அவருக்குத் தெரியவில்லை. ஐம்பத்திரண்டு வருஷமாகச் சுமக்கிற பேருக்கு எந்த எழுத்து என்று யோசித்ததே இல்லை.

“அப்போ இவர் விவசாயி, பழசு செக்யூரிட்டி!” என்றாள் நர்ஸ். மேசையே சிரித்தது. அவர் மூஞ்சி தொங்கிப்போய் எழுந்து வந்தார்.

வீட்டுக்கு மேல் மாடியில் ஒரு அரபி டீச்சர் குடியிருந்தாள். பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்துகிறவள், மெக்கானிக்கின் மனைவிக்குப் பழக்கம். அன்று சாயங்காலமே போய்க் கதவைத் தட்டினார். மனைவியும் கூடவே வந்தாள், வேடிக்கை பார்க்க.

டீச்சர் ஒரு தாளில் இரண்டு வார்த்தைகளையும் எழுதிக் காட்டினாள். ஒன்றின் கடைசி எழுத்து ஸீன், மூன்று பல் வைத்தது. மற்றதன் கடைசி எழுத்து ஸா, தலைக்கு மேல் மூன்று புள்ளி வைத்தது. ஸாவைச் சொல்ல நாக்கு நுனியைப் பல்லுக்கு நடுவில் கொண்டுவர வேண்டும். “நமக்கு அந்தச் சத்தம் வராது சார். ரெண்டையும் ஒரே மாதிரி சொல்லிடுவோம்.”

“ரெண்டுல எது பெருசும்மா?” என்று கேட்டார் மெக்கானிக்.

“பெருசு சிறுசுன்னு என்ன சார் இருக்கு? ஸீன் போட்டா காவல் காக்கறவர். வாசல்ல நிக்கற காவல்காரருக்கும் அரபியில அதே வார்த்தைதான். ஸா போட்டா உழறவர், உழைச்சுச் சம்பாதிக்கறவர்னும் சொல்லலாம். பேரா பார்த்தா ஸா போட்டதுதான் ரொம்பப் பழசு. அந்தக் காலத்து அரபு ராஜாக்களுக்கெல்லாம் அந்தப் பேர் இருந்திருக்கு. சிங்கத்துக்கே அவங்க வச்ச செல்லப்பேர் அபுல் ஹாரிஸ், இந்த ஸாதான். பேர்கள்லயே உண்மையான பேர்னும் ஒரு சொல் உண்டு. உழைக்காத மனுஷன் யாரு இருக்கா, அதனால.”

ராஜா அவனுக்கு, சிங்கம் அவனுக்கு, உண்மையும் அவனுக்கு. தனக்கு வாசலில் ஒரு ஸ்டூல். மாடிப்படி இறங்கும்போது மெக்கானிக்கின் மனம் இப்படித்தான் கணக்குப் போட்டது.

“இதுக்குப் போய் யாராவது மூஞ்சியைத் தூக்கி வச்சுக்குவாங்களா?” என்றாள் மனைவி.

“என்னோடதும் ஸாவா இருக்கலாம்ல? யாரு கண்டா?” என்றார் அவர்.

கண்டவள் ஒருத்தி இருந்தாள். அவருக்குப் பன்னிரண்டு வயது மூத்த அக்கா. உடனே போன் போட்டார்.

“எழுத்தா?” என்று அக்கா சிரித்த சிரிப்பில் போன் அதிர்ந்தது. “அப்பாவுக்கு அரபியில ஆனாகூடத் தெரியாதுடா. நீ பொறந்தப்போ ஆஸ்பத்திரியில பக்கத்துக் கட்டில்ல இருந்த பொம்பளையோட புருஷன் பேரு அது. ஆள் நல்லா உயரமா, கம்பீரமா இருந்தார். அப்பா அசந்துபோய் அதையே வச்சுட்டார். அர்த்தம் கேட்டீங்களான்னு அம்மா கேட்டதுக்கு, ‘கூப்பிட்டா திரும்பிப் பார்ப்பான்ல, அது போதும்’னார்.”

அவர் போனை வைத்தார். இன்ஜினியரின் அப்பா யோசித்து, எழுத்துப் பார்த்து, அர்த்தம் தெரிந்து வைத்திருக்கிறார். தன் அப்பா பக்கத்துக் கட்டிலைப் பார்த்து வைத்திருக்கிறார். நெஞ்சில் ஏற்கெனவே தைத்திருந்த முள் இன்னும் கொஞ்சம் உள்ளே போனது.

அடுத்த வாரம் ஒரு காலையில் இன்ஜினியருக்கு வெளியே ஏதோ மீட்டிங். போகிற அவசரத்தில் சொன்னான்: “அண்ணே, மூணாம் நம்பர் தரைமட்டத்துக்குக் கொஞ்சம் கீழ நிக்குதுன்னு தோணுது. செக்கிங் ஷீட்ல இன்னிக்குக் கையெழுத்துப் போடணும். பாத்துடறீங்களா?”

பார்க்கத்தான் கிளம்பினார். ஆபரேஷன் வார்டு வாசலில் ஒரு டாக்டர் மறித்து, “ஹாரிஸ் எங்க?” என்றார்.

“நான்தான் டாக்டர்.”

“இல்லப்பா, நான் இன்ஜினியரைக் கேட்டேன்.”

இருபத்து மூன்று வருஷத்தில் அந்த டாக்டரை எத்தனையோ முறை நின்றுபோன லிஃப்டிலிருந்து வெளியே எடுத்தவர் அவர். அங்கேயே திரும்பினார். அறைக்கு வந்து, ஷீட்டில் ‘சரியாக உள்ளது’ என்ற கட்டத்தில் ஒரு டிக் போட்டு, ‘ஹாரிஸ்’ என்று தமிழில் கையெழுத்துப் போட்டார். மூன்றாம் நம்பர் பக்கம் போகவே இல்லை. அவன் கண்டுபிடித்த கோளாறை அவனே வந்து பார்த்துக்கொள்ளட்டும்.

மத்தியானம் மூன்று மணிக்கு ஆபரேஷன் முடிந்த ஒரு நோயாளியை ஆயாம்மா தள்ளுவண்டியில் வைத்து அந்த லிஃப்டிலிருந்து வெளியே கொண்டுவந்தாள். லிஃப்ட் தரைக்கு இரண்டு விரற்கடை கீழே நின்றிருந்தது. முன்சக்கரம் விளிம்பில் முட்டி வண்டி குலுங்கியது. மருந்து பாட்டில் தொங்கிய இரும்புக் கம்பி சாய்ந்தது. நோயாளி மேல் விழாமல் இருக்க ஆயாம்மா குறுக்கே கையைக் கொடுத்தாள். நோயாளிக்கு ஒன்றுமில்லை. ஆயாம்மாவுக்கு மணிக்கட்டு எலும்பு முறிந்தது.

மேனேஜர் ஷீட்டை எடுத்துப் பார்த்தார். ஹாரிஸ். அவர் வேறு யாரையும் நினைக்கவே இல்லை. “ஹாரிஸா இப்படிப் பண்ணினார்? நம்பவே முடியலையே!” என்றார். நாலு பேர் ஆமாம் போட்டார்கள்.

கூட்டத்தின் ஓரத்தில் மெக்கானிக் நின்றுகொண்டிருந்தார். வாயைத் திறந்தால் ஒரு வார்த்தையில் முடிந்துவிடும். திறக்கவில்லை. பேரை எடுத்துக்கொண்டான் இல்லையா, இதையும் சேர்த்து எடுத்துக்கொள்ளட்டும் என்று உள்ளே ஒரு குரல் சொன்னது. நினைத்த மாத்திரத்தில் உடம்பு கூசியது. ஆனாலும் கால் நகரவில்லை.

மீட்டிங்கிலிருந்து திரும்பிய இன்ஜினியரை மேனேஜர் எல்லோர் முன்னாலும் கேட்டார்: “இது உங்க கையெழுத்தா?”

அவன் ஷீட்டைப் பார்த்தான். ஒரு கணம் நிமிர்ந்து மெக்கானிக்கைப் பார்த்தான். பிறகு சொன்னான்: “அந்த லிஃப்டுக்கு நான்தான் சார் பொறுப்பு. கோளாறு இருக்குன்னு தெரிஞ்சும் நிறுத்தி வைக்காம போனது என் தப்பு.”

மேனேஜரின் கோபம் பாதியாக இறங்கியது. “சரி, எழுதிக் கொடுங்க. ஆனா ஒண்ணு சொல்றேன், தப்பை ஒத்துக்கறதுக்கும் ஒரு மனசு வேணும். இந்தக் காலத்துல யாருக்கு இருக்கு?” என்றார். சுற்றி நின்றவர்கள் முகத்தில் மரியாதை தெரிந்தது.

அதைத்தான் மெக்கானிக்கால் தாங்க முடியவில்லை. திட்டு வாங்கட்டும் என்று விட்டால், அதிலும் அவனுக்கே நல்ல பேர்! அவர் பண்ணின தப்பை வைத்து அவன் பெருந்தன்மைக்காரன் ஆகிவிட்டான். இதை விட்டுவிட்டால் அப்புறம் தனக்கென்று என்னதான் மிஞ்சும்?

மேனேஜரின் அறைக் கதவைத் தட்டாமலே உள்ளே போனார். “சார், அந்தக் கையெழுத்து என்னுது.”

“என்னது?”

“நான்தான் போட்டேன். லிஃப்டைப் பார்க்கவே இல்ல. பார்க்காம டிக் போட்டேன். அவன் மேல இருந்த எரிச்சல்ல.” ‘அவர்’ என்று சொல்ல அப்போதும் வாய் வரவில்லை. “கூட்டத்துல கேட்டப்போவும் வாயை மூடிக்கிட்டு நின்னேன். அதையும் எழுதிக்குங்க.”

ஒரு மாதம் அவரை லிஃப்ட் வேலையிலிருந்து ஒதுக்கித் தண்ணீர் மோட்டார்களைப் பார்க்கச் சொன்னார்கள். எச்சரிக்கைக் கடிதம் ஒன்றும் வந்தது. அதில் அவர் முழுப் பேர், வேலை, சேர்ந்த தேதி எல்லாம் தெளிவாக டைப் அடித்திருந்தது.

ஒப்புக்கொண்ட அன்று மாலையே ஆயாம்மா வீட்டுக்குப் போனார். மாவுக்கட்டுப் போட்ட கையை மடியில் வைத்துக்கொண்டு அவள் நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். நடந்ததை ஒன்றுவிடாமல் சொன்னார். பழசு என்று அவள் வைத்த பேரில்தான் ஆரம்பித்தது என்பதையும் சொல்லிவிட்டார்.

“ஒரு வார்த்தைக்காகவா என் கை போச்சு?” என்றாள் அவள். “பிடிக்கலைன்னா அன்னிக்கே மூஞ்சிக்கு நேரா திட்டியிருக்கலாமே மனுஷா. நானும் நாலு திட்டு திட்டியிருப்பேன், முடிஞ்சிருக்கும்.” மன்னித்தேன் என்று அவள் சொல்லவில்லை. ஆனால் கை சரியாகும் வரை தினமும் அவர் கொண்டுபோய் வைத்த தண்ணீர்க் குடத்தை வேண்டாம் என்றும் சொல்லவில்லை.

ஒரு மாதம் கழித்து லிஃப்ட் வேலைக்குத் திரும்பிய முதல் நாள், இன்ஜினியரும் அவரும் சேர்ந்துதான் மூன்றாம் நம்பரின் மட்டத்தைச் சரிசெய்தார்கள். அவன் மேலே மோட்டார் அறையில், அவர் கீழே வாசலில் அளவுகோலோடு.

“எதுக்குத் தம்பி அன்னிக்கு என்னைக் காட்டிக்கொடுக்கல?” என்று வேலை முடிந்ததும் கேட்டார்.

“நீங்களே சொல்லுவீங்கன்னு நினைச்சேண்ணே. கொஞ்சம் லேட்டாத்தான் சொன்னீங்க” என்றான் அவன். பிறகு, “எனக்கும் கோபம் வந்துச்சு. ராத்திரி வீட்டுல போய் உங்களைக் கண்டபடி திட்டினேன்” என்றான்.

அதைக் கேட்டதும் மெக்கானிக்குக்கு ஏனோ பெரிய ஆறுதலாக இருந்தது. இவனும் மனுஷன்தான்.

நாலு வருஷம் ஓடிவிட்டது. இன்ஜினியர் இப்போது மூன்று கட்டிடங்களுக்கும் தலைமை. மெக்கானிக்கின் விடுமுறை விண்ணப்பத்தில் அவன்தான் கையெழுத்துப் போடுகிறான். பழசு என்று யாரும் கூப்பிடுவதில்லை. ஆயாம்மா போட்ட அதட்டல் அப்படி. பெரிய ஹாரிஸ், சின்ன ஹாரிஸ் என்கிறார்கள். இதில் பெரியவர் யார் என்பதில் மட்டும் ஆளுக்கு ஆள் மாறுகிறது.

போன மாதம் மனைவி துணி மடித்துக்கொண்டே கேட்டாள்: “இப்பவாவது அந்தப் பிள்ளை மேல இருந்த பொறாமை போச்சா?”

அவர் யோசித்து, உள்ளதை உள்ளபடி சொன்னார். “குறைஞ்சிருக்கு.”

“எவ்வளவு?”

“ஞாயித்துக்கிழமை லீவு நாள்ல சுத்தமா இல்ல.”