இரண்டு ஸ்டோர்களும் ஒரு குப்பை மூலையும்

தேயிலைத் தொழிற்சாலையை எங்கள் பக்கத்தில் ஸ்டோர் என்றுதான் சொல்வோம். எங்கள் கம்பெனிக்கு இரண்டு ஸ்டோர்கள். ஒன்று அக்கரப்பத்தனைக்கு மேலே, பாதி நாள் மேகத்துக்குள் கிடக்கும் எங்கள் தோட்டத்தில். மற்றது அட்டன் டவுனை ஒட்டிய தோட்டத்தில். கொழுந்தை உருட்டும் ரோலர் எங்களுடையது புதுசு; அவர்களுடையது என் மாமனார் காலத்துச் சரக்கு. கொழுந்திலும் எங்களுடையதுதான் உசத்தி என்று எல்லோரும் சொல்வார்கள். அப்படியிருந்தும் மாதா மாதம் அங்கேதான் தூள் அதிகம் இறங்கியது. அது எப்படி என்று என் மண்டை குடைந்துகொண்டே இருந்தது.

அடுத்தவர் விஷயமாக இருந்தாலும் எனக்குக் குடைந்திருக்கும், சுபாவம் அப்படி. ஆனால் இது எங்கள் வீட்டு விஷயம். எங்கள் ஸ்டோரில் இஞ்சினையும் ரோலரையும் ஓட்டியவர் என் வீட்டுக்காரர். நான் சல்லடை அறையில் தூள் சலித்துக் காம்பு பொறுக்குகிறவள். ஸ்டோருக்குப் பொறுப்பான டீமேக்கர் ஐயாவிடம் என் கேள்விக்கு ஒரே பதில்தான் இருந்தது. ஆள் சோம்பேறி. அதை எங்கள் எல்லோர் முன்னாலும் சொல்வார்.

"அட்டன்ல ஓட்டுறவனுக்கும் ரெண்டு கைதான்யா, ஒனக்கும் ரெண்டு கைதான். அவன் கையி ஓடுது, ஒன் கையி தூங்குது."

இவர் எண்ணெய்த் துணியைத் தோளில் போட்டுக்கொண்டு நிற்பார். பத்துச்சீட்டு எழுதி வெளியே அனுப்பப் போகிறார்கள் என்று தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்தில் பேச்சு அடிபட்டது. வேலை போனால் குடியிருக்கும் லயத்து அறையும் அதோடு போகும். சோம்பேறி என்று பேர் வாங்கியவனை எந்தத் தோட்டத்தில் சேர்ப்பார்கள்? எனக்குப் பயமும் கோபமும் ஒன்றாகவே வந்தன.

சோம்பேறியாம். ஞாயிற்றுக்கிழமைகூட ஸ்டோருக்குப் பின்னால் ஒரு மூலையில் உட்கார்ந்து அறுந்த பெல்ட்டைத் தைத்துக்கொண்டிருப்பார் மனுஷன். அந்த மூலை முழுக்கக் குப்பை. தேய்ந்த பல்சக்கரம், நட்டு, போல்ட்டு, பெல்ட் துண்டுகள், இரண்டு தோட்டத்துக்கும் மேனேஜரான துரையின் பங்களாவில் தூக்கிப் போட்ட தகரம்வரை சேர்த்து வைத்திருந்தார்.

"இதெல்லாம் மொளைக்குமாங்க?" என்று கேலி செய்வேன்.

"மொளைக்கும் புள்ள. மழைக்காலம் வரட்டும்" என்பார்.

ஒருநாள் ரோலரின் சக்கரத்தில் பல் உடைந்தது. மூலையில் தேடினார், தோதானது கிடைக்கவில்லை. சாக்கில் சுற்றி அட்டன் பட்டறைக்குத் தூக்கிக்கொண்டு போக வேண்டியதாயிற்று. ரோலர் நின்றால் எங்களுக்கும் சலிக்கத் தூள் இல்லை என்பதால் நானும் கூடக் கிளம்பினேன். அந்த மற்ற ஸ்டோரின் ரகசியத்தைப் பார்த்துவிட வேண்டும் என்ற ஆசைதான் உண்மையான காரணம். தலவாக்கலைக்கு ஒரு பஸ். அங்கே காத்துக் கிடந்து இன்னொரு பஸ். அட்டனில் இறங்கும்போது உச்சி வெயில்.

ரகசியத்தைப் பார்க்க ஸ்டோர்வரை போகவே வேண்டியிருக்கவில்லை. பட்டறைக்கு எதிரே இருந்த தேநீர்க் கடையில் உட்கார்ந்தபடியே பார்த்துவிட்டேன். பட்டறை நடத்திய சிங்கள பாஸ் எங்கள் சக்கரத்தை வாங்கி வரிசையில் வைத்தார். நான் பிளேன்டீ குடித்து முடிப்பதற்குள் அட்டன் ஸ்டோரில் ரோலர் ஓட்டுகிறவர் அறுந்த பெல்ட்டோடு நடந்தே வந்தார். பக்கத்து இரும்புக்கடை முஸ்லிம் நானாவிடம் புதிது வாங்கினார். நிதானமாக ஒரு பீடியும் பிடித்தார். அந்தப் பீடி நேரத்தில் வேறொரு தோட்டத்துக்காரர், ஈர விறகு வந்தால் டிரையரின் சூடு இறங்காமல் இருக்க என்ன செய்வது என்று அவருக்குச் சொல்லிக்கொடுத்தார். அட்டன்காரர் பதிலுக்கு ரோலரைப் பற்றி ஏதோ சொன்னார். பிறகு நடந்தே போய்விட்டார்.

என் வீட்டுக்காரர் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டார். மேலே எங்கள் மலையில் ரோலரைப் பற்றிப் பேச அவருக்கு என்னை விட்டால் ஆளில்லை. நானோ கேலி செய்கிறவள். அன்றைக்கு அதை நினைத்து எனக்குப் பாவமாக இருந்தது.

திரும்பும் பஸ்ஸில் சொன்னேன். "அவங்க ரோலரு வேகமா ஓடலைங்க. கம்மியா நிக்குது. அம்புட்டுத்தான்."

அவர் சிரித்தார்.

"அப்ப வெள்ளக்காரன் எதுக்குங்க ஸ்டோர அம்புட்டு ஒசரத்துல கொண்டுபோயிக் கட்டுனான்?"

"அப்ப இஞ்சின் ஏது புள்ள? ஓடைத் தண்ணியிலதான் சக்கரம் சுத்துச்சு. கொழுந்த கீழ எறக்க லொறி ரோடும் இல்ல. எல்லாம் வந்துருச்சு, ஸ்டோரு மட்டும் அங்கனயே நிக்குது."

"இத டீமேக்கர் ஐயாகிட்ட சொல்றதுதானே?"

"சொன்னா, சோம்பேறி சாக்குச் சொல்றான்ம்பாரு."

அவர் சொல்லவில்லை. நான் சொன்னேன். சக்கரம் மாட்டிய மறுநாளே டீமேக்கர் ஐயா பழைய பல்லவியை ஆரம்பித்தபோது என் வாய் சும்மா இருக்கவில்லை.

"ஐயா, ஒரு மழைக்காலத்துக்கு ரெண்டு பேரையும் எடம் மாத்திப் பாருங்களேன். அவரு கை இங்க ஓடுதா, இவரு கை அங்க தூங்குதான்னு தெரிஞ்சிரும்ல."

அவர் என்னை முறைத்துவிட்டுப் போனார். ஆனால் யோசனை அவருக்கு இனித்திருக்க வேண்டும். அந்த வாரமே தன் சொந்த யோசனையாகத் துரையிடம் கொண்டுபோனார். துரைக்கும் அது வேடிக்கையாகப் பட்டது.

அட்டன்காரர் வந்து சேர்ந்தார். நல்ல மனுஷர், சுத்தக்காரர். முதல் வேலையாக ஸ்டோருக்குப் பின்னால் இருந்த குப்பை மூலையைப் பார்த்து முகம் சுளித்தார். ஆட்களைக் கூப்பிட்டு எல்லாவற்றையும் வாரிப் பள்ளத்தில் கொட்டச் சொன்னார். டவுன்காரருக்கு அது குப்பை. வேண்டியதை நானா கடையில் வாங்கிக்கொள்ளலாம். எங்களுக்கு அந்த மூலைதான் நானா கடை, பாஸ் பட்டறை எல்லாம். நான் தடுத்துச் சொல்லலாமா என்று யோசித்தேன். சொல்லவில்லை. என்ன நடக்கிறது என்று பார்க்கும் ஆவல் என்னைக் கட்டிப்போட்டது.

மழை பிடித்தது; கொழுந்து பொங்கியது. பெல்ட் அறுந்தது. அட்டன்காரர் வழக்கம்போலத் தோளில் போட்டுக்கொண்டு வாசலுக்கு வந்தார். எதிரே மேகம்தான் இருந்தது. கொஞ்ச நேரம் நின்று பார்த்துவிட்டு, அட்டைக்கடியோடு பள்ளத்தில் இறங்கித் தான் கொட்டிய குப்பையிலேயே பெல்ட் துண்டு தேடினார். சல்லடை அறைப் பெண்கள் ஜன்னலில் குவிந்து சிரித்தோம். துரு ஏறிய நட்டுகள்தான் கிடைத்தன. அடுத்த நாள் அவர் பஸ்ஸில் போய்த் திரும்புவதற்குள் மாடியில் வாடப் போட்டிருந்த கொழுந்து சிவந்து நாறிவிட்டது.

"அக்கா, ஒங்க வீட்டுக்காரரு எப்பிடித்தான் இதுல ஓட்டுனாரோ" என்றார் என்னிடம். அந்த ஒரு வார்த்தைக்காக அவருக்குச் சோறு போட்டேன்.

அட்டனிலிருந்து வந்த சேதியோ வேறு. என் வீட்டுக்காரர் ஓட்டிய ரோலர் நிற்பதே இல்லையாம். அவர் அங்கேயும் நட்டும் பெல்ட் துண்டும் பொறுக்கிச் சேர்க்கிறாராம்; இரும்புக்கடை நானா, "என் யாவாரத்தைக் கெடுக்கப் பார்க்கிறீங்களா?" என்று கேலி செய்கிறாராம்.

மழைக்காலம் முடிந்ததும் துரை எங்கள் ஸ்டோருக்கு வந்தார். சல்லடை அறை வாசலில் நின்று டீமேக்கர் ஐயாவிடம் தன் தோட்டத்துத் தமிழில் சொன்னார். "ஆள் பிழை இல்லே. எடம் பிழை."

நான் வாய்விட்டே சிரித்துவிட்டேன். எத்தனை நாள் பாரம் அது. பக்கத்தில் காம்பு பொறுக்கிக்கொண்டிருந்த அக்காவின் கையைப் பிடித்து அழுத்தினேன். துரை இன்னும் முடிக்கவில்லை.

"எடம் பிழைன்னா இந்த ஸ்டோர் எதுக்கு? மூடு. கொழுந்து லொறியிலே கீழே போகட்டும்."

அக்காவின் கை என் கைக்குள்ளேயே இருந்தது. மழையும் குளிரும் படாத சல்லடை அறையில் அவள் பத்து விரலும் மெத்தென்று ஆகிப்போயிருந்தன. அங்கே இருந்த எல்லோருக்கும் அப்படித்தான்.

இரண்டு ஸ்டோர் கொழுந்தும் கீழே சேர்ந்ததால், அட்டன்காரரோடு என் வீட்டுக்காரருக்கும் அங்கேயே வேலை நிரந்தரமாயிற்று; அங்கே லயத்து அறையும் கிடைத்தது. சல்லடை அறைப் பெண்கள் எல்லோரும் கூடையை எடுத்துக்கொண்டு கொழுந்து பறிக்க மலைக்குப் போனார்கள். நாங்கள் சட்டிபானையோடு கொழுந்து லொறியில் இறங்கிய அன்று தூறிக்கொண்டிருந்தது. திருப்பத்தில் ரோட்டோரமாக அக்கா கொழுந்து பறித்துக்கொண்டிருந்தாள். தூறலுக்குத் தலையில் கொங்காணிச் சாக்கு, முதுகில் கூடை. லொறியைப் பார்த்ததும் கையை உயர்த்திச் சத்தமாகச் சொன்னாள்.

"இனிமே ஒம் புருசன ஒரு பய சோம்பேறின்னு சொல்ல முடியாது புள்ள!"

மனசாரச் சொன்னாள். பதிலுக்கு உயர்த்தப் போன என் மெத்தென்ற கையை முந்தானைக்குள் இழுத்துக்கொண்டேன். லொறி திருப்பத்தைத் தாண்டிவிட்டது.