இரண்டாவது வரியில் ஒரு தப்பு

இயற்பியல் துறையில் அவரை எல்லோரும் சாக்பீஸ் என்றுதான் சொல்வார்கள். கரும்பலகையைக் கண்டால் கை சும்மா இருக்காது. சட்டை முழுக்க வெள்ளைப் பொடி. அவளோ கீழ்த்தள ஆய்வகத்தில் உலோகங்களைக் கடுங்குளிரில் வைத்துச் சோதிப்பவள். ஒரு கலப்புலோகம் குளிரும்போது எப்படி நடந்துகொள்ளும் என்று அவர் பல வருடம் மண்டையை உடைத்துக்கொண்டு ஒரு கொள்கை எழுதியிருந்தார். அதைச் சோதித்துத் தரச் சொல்லித்தான் முதலில் மாடியிலிருந்து இறங்கி வந்தார். மறுநாளும் வந்தார். பிறகு சோதனை இல்லாத நாட்களிலும் வந்தார்.

விஷயம் அவளுடைய அம்மா காதுக்கு எட்டியது. "இத்தனை வயசுக்கு மேல ஒருத்தர் அமைஞ்சிருக்காரு. வாயை வெச்சுக்கிட்டு சும்மா இரு. எதுலயாவது குத்தம் கண்டுபிடிக்காதே" என்றாள்.

குற்றம் தானாகவே வந்து நின்றது. அளவுக்கருவியின் திரையில் விழுந்த கோடு, அவர் கொள்கை சொன்னதற்கு நேரெதிராக இறங்கியது. கம்பிகளை மாற்றினாள். அதே கலப்புலோகத்தில் வேறு துண்டு வைத்துப் பார்த்தாள். கோடு மசியவில்லை. மறைத்துவிடலாமா என்றுகூட ஒரு மதியம் முழுக்க யோசித்தாள். மறைத்துவிட்டு அந்த மனிதரோடு ஒரே வீட்டில் எந்த முகத்தோடு இருப்பது?

கேண்டீனில் வைத்துச் சொன்னாள்.

"மெஷின்ல கோளாறா இருக்கும்" என்றார் அவர்.

"இல்லைங்க. எல்லாம் பார்த்துட்டேன்."

அவர் முகம் தொங்கிப்போனது. எழுந்து போனவர் அதன்பின் கீழே இறங்கவே இல்லை. படிக்கட்டில் செருப்புச் சத்தம் கேட்டாலே அவள் ஆய்வக வாசலை எட்டிப் பார்த்தாள்.

துறைக் கூட்டத்தில் அவள் சோதனை முடிவைச் சொன்னபோது அவர் கடைசி வரிசையில் இருந்தார். "என்ன சார், மறுப்பு உண்டா?" என்று துறைத்தலைவர் வம்புக்கு இழுத்தார். சாக்பீஸ் எழுந்து வந்து, தன் கணக்கைப் பலகையில் எழுதி, இரண்டாவது வரியைச் சுற்றி வட்டம் போட்டார்.

"தப்பு இங்க இருக்கு. இத்தனை நாளா இதைத்தான் தேடிட்டிருந்தேன். அவங்க அளந்தது சரி."

கூட்டம் கலைந்ததும் அவள் கேட்டாள்: "எம்மேல கோபமா?"

"மொதல்ல இருந்துச்சு. அப்புறம் அந்த வரி மேல. தப்பு கிடைச்சதும் உங்ககிட்ட ஓடி வந்து சொல்லணும்னுதான் தோணுச்சு. வெக்கமா இருந்துச்சு, வரலை." கொஞ்சம் தயங்கினார். "ஞாயித்துக்கிழமை உங்க வீட்டுக்கு வரட்டுமா? அம்மாகிட்ட பேசணும்."

பதிவு அலுவலகத்தில் கல்யாணம் ஆரவாரமில்லாமல் முடிந்தது. திருத்திய கொள்கை அச்சேற வெகுகாலம் பிடித்தது. அதிலும் ஓரிடம் இடிக்கிறது என்று அவள் சொல்லிக்கொண்டே இருக்கிறாள். அவர் இன்னும் ஒப்புக்கொள்ளவில்லை.