பனியில் செய்த மகள்

அந்தப் பிள்ளை எங்கள் பார்க்டேல் அப்பார்ட்மென்டுக்கு வந்தது நவம்பர் இரண்டாம் கிழமை, ஒரு செவ்வாய். வயது ஐந்து. தாய் ஆஸ்பத்திரியில் இருந்தார். அவர் தேறும்வரை பார்த்துக்கொள்ள, தமிழ் பேசும் வளர்ப்பு வீடு என்று சமூக சேவையாளர் எங்களிடம் ஒப்படைத்தார். எனக்கும் மனைவிக்கும் பிள்ளைகள் இல்லை.

பள்ளியில் கேட்ட கதைகளோடு தினமும் வருவாள். நானோ யாழ்ப்பாணத்தில் மலிவாகக் கிடைத்த ருஷ்யக் கதைகளைத் தமிழில் படித்து வளர்ந்தவன். கொப்பியில் நடுவே கோடிட்டு, அவளுடைய கதை ஆட்களுக்கு எதிரே என்னுடையவர்களை எழுதினேன். இனிப்பு வீட்டுச் சூனியக்காரிக்கு எதிரே, கோழிக்கால்களில் நிற்கும் குடிசைக் கிழவி. அடுப்புச் சாம்பலில் கிடந்த பெண்ணுக்கு எதிரே, சட்டைப்பையில் பேசும் பொம்மை வைத்திருந்தவள்.

விஷ ஆப்பிள் தின்ற இளவரசிக்கு எதிரே, பிள்ளையில்லாத கிழவனும் கிழவியும் பனியில் செய்த மகளை எழுதினேன். அது பிழை. சரியான இணை, ஏழு வீரர்களோடு வாழ்ந்த வேறொரு ராஜகுமாரி. இளவரசி கண்ணாடிப் பெட்டியிலிருந்து எழும்புகிறாள். பனி மகள் கோடையில் தோழிகளோடு நெருப்பைத் தாண்டும்போது உருகிவிடுகிறாள். அவளை எழுப்ப ஒருவரும் வருவதில்லை.

அந்த முடிவைப் பிள்ளைக்குச் சொல்லவில்லை. பனி மகள் பூப்பறிக்கப் போனதோடு நிறுத்திவிட்டேன்.

ஏப்ரலில் தாய் குணமானார். வெள்ளிக்கிழமை பிள்ளையைக் கூட்டிப்போவார்கள் என்று சமூக சேவையாளர் தொலைபேசியில் சொன்னார். இன்னொரு பிள்ளையை ஏற்பீர்களா என்றும் கேட்டார். நல்ல செய்தி என்பதால் யாரிடமும் சொல்லி அழ முடியவில்லை.

வியாழன் மாலை மனைவி சின்னச் சட்டைகளை மடித்துக்கொண்டிருந்தாள். பிள்ளை என் பக்கத்தில் வந்து இருந்தாள்.

"அங்கிள், அவள் பூ பிடுங்கப் போனாள். அதுக்குப் பிறகு?"

முழுவதையும் சொன்னேன்.

"மெல்ட் ஆகிட்டாளா?"

"ஓம்."

"அப்ப அடுத்த வின்ரர் பனியில அந்தக் கிழவனும் கிழவியும் இன்னொரு பிள்ளை செய்தவையோ?"

புத்தகத்தில் அப்படி எதுவும் இல்லை என்று சொல்ல வாயெடுத்தேன். மனைவி முந்திக்கொண்டாள்.

"இல்லைக் குஞ்சு," என்றாள், மடிப்பதை நிறுத்தாமல். "அவைக்கு ஏலாமல் போச்சுது."

மறுநாள் பத்து மணிக்குத் தாய் சமூக சேவையாளரோடு வந்தார். பிள்ளை ஓடிப்போய்க் கட்டிக்கொண்டாள். எங்கள் பெயரை வளர்ப்பு வீடுகளின் பட்டியலிலிருந்து எடுத்துவிடும்படி சமூக சேவையாளரிடம் வாசலிலேயே சொல்லிவிட்டேன்.